கால்விரல் சாடை

அந்தப் பையைக் காலால தள்ளிராதீங்க சார், உள்ள நாயனம் இருக்கு. இல்ல இல்ல, மேல வேண்டாம். மடியிலயே வச்சுக்கறேன். மேல வச்சுட்டு நான் கண் அசந்துட்டா எவன் இறக்கிட்டுப் போனான்னு யாரு கண்டா? உங்களைச் சொல்லலை. பொதுவாச் சொல்றேன்.

மன்னார்குடி வரைக்குமா? நானும் மன்னார்குடிக்குத்தான் டிக்கெட் வாங்கியிருக்கேன். அங்க எனக்கு ஒரு வேலையும் கிடையாது, அது வேற விஷயம். நீங்க என்ன பண்றீங்க? பம்புசெட் கம்பெனியா? கையில ஒரு பொட்டு கிரீஸ் கறை இல்லையே. ஓ, ஆர்டர் எடுக்கிற வேலையா. சரி, நம்பிக்கிறேன். அந்த போனை மட்டும் கொஞ்சம் கவுத்து வச்சுக்கங்க. எது பேசுறதுக்கு, எது பதிவு பண்றதுக்குன்னு எனக்குத் தெரிய மாட்டேங்குது.

என் பேரு சோமாஸ்கந்தன். நாதஸ்வரக்காரன். நானும் என் தம்பி பக்கிரிசாமியும் ஜோடி. முப்பத்தோரு வருஷம் ஒண்ணா நின்னு வாசிச்சோம். இப்ப பதினோரு மாசமா ஜோடி இல்லை, பேச்சும் இல்லை. ஏன்னு கேட்டீங்கன்னா, ஒரு சினிமாப் படம்.

சிரிக்காதீங்க சார். நெசமாத்தான் சொல்றேன்.

நீங்க வாத்தியக்காரன் படமெல்லாம் பாப்பீங்களா? வித்வான் ஆகணும்னு ஒருத்தன் கிடந்து சாதகம் பண்ணுவானே, அந்த மாதிரிப் படம்? நாங்க ஒண்ணு விடாமப் பாப்போம். ரசிக்கிறதுக்குப் போறதில்லை, தப்புப் புடிக்கிறதுக்குப் போறது. நானும் பக்கிரியும் மத்தியான ஆட்டத்துக்குப் போயி கடைசி வரிசையில உக்காந்துக்குவோம். அங்க திரையில அவன் வாசிப்பான், இங்க நாங்க எண்ணுவோம். சத்தம் மேல போகுது, விரல் கீழ இறங்குது, ஒண்ணு. மூச்சை இழுக்கிறான், அப்பவும் சத்தம் வருது, ரெண்டு. பக்கிரி என் தொடையில தட்டித் தட்டி எண்ணுவான். ஒரு படத்துல நாப்பத்தி மூணு வரைக்கும் போச்சு. முன்வரிசைக்காரன் திரும்பிப் பாத்து வஞ்சுட்டான்.

அப்புறம் அந்த சாதகம் பண்ற பாட்டு இருக்கே! வயலின் படம்னா விரல்ல ரத்தம் வரும். வீணைன்னா தந்தி அறுந்து மூஞ்சியில அடிக்கும். மிருதங்கம்னா கையில துணியைச் சுத்திட்டு அடிப்பான். சூரியன் வரும், மழை வரும், இலை உதிரும், திரும்பத் துளிர்க்கும். பாட்டு முடியறப்ப ஆளு வித்வான். நான் கேக்கறேன், எச்சில் ஒழுகறதை எவனாவது காட்டியிருக்கானா? ஒரே பிடியை நானூறு தரம் ஊதி நானூறு தரமும் சரியா வரலைன்னு வீட்டுல சோறு திங்காம உக்காந்திருக்கறதைக் காட்டியிருக்கானா? காட்ட மாட்டான். இவனுங்களை நான் நம்பினதே இல்லை.

அப்படிப்பட்டவன் வாழ்க்கையில ஒரே ஒரு படத்துல விரல் சரியா இருந்ததைப் பாத்தேன். அதுதான் என் குடியைக் கெடுத்துச்சு.

கொஞ்சம் பின்னாடியிலேருந்து வர்றேன், இருங்க. வர்ற கார்த்திகை வந்தா நாலு வருஷம் ஆகும். காலையில எந்திரிச்சு வாய் கொப்புளிச்சேன், தண்ணி ஒரு பக்கமா வழிஞ்சுது. கண்ணாடியில பாத்தா பாதி மூஞ்சி என்னுதா இல்லை. முகவாதம்னாங்க. மூணு மாசத்துல சரியாயிரும்னாங்க. ஆச்சு, கண்ணு மூடுது, சிரிக்க வருது. இந்த உதடு மட்டும் இன்னைக்கும் இறுக மாட்டேங்குது. நாயனத்து நுனியில இருக்கிற சீவாளியைக் கவ்வினா இந்தக் கோடியில புஸ்ஸுன்னு காத்துப் போயிரும். நாதஸ்வரக்காரனுக்கு உதடு போனா என்ன மிச்சம் சொல்லுங்க.

அப்பல்லாம் இதே பஸ்ஸுலதான் மன்னார்குடிக்கு வாராவாரம் போவேன், மூஞ்சிக்குக் கரண்டு வைக்கிற வைத்தியத்துக்கு. வாயில துண்டைப் பொத்திட்டு உக்காந்திருப்பேன். பக்கத்துல வர்றவன் ஒரு தடவை பாத்துட்டு வேற சீட்டுக்குப் போயிருவான். ஒரே ஒரு மனுஷன், கண்ணாடி போட்டவர், ஆரஞ்சுப் பழம் உரிச்சுக் கையில கொடுத்து என் மூஞ்சியை நேராப் பாத்துப் பேசினாரு. அதை ஏன் சொல்றேன்? உங்களைப் பாத்ததும் ஞாபகம் வந்துச்சு. நீங்களும் எந்திரிச்சுப் போகலை.

ஆங், பக்கிரி. அவன்தான் சொன்னான், "அண்ணே, நீ வெளியில சொல்லாத. வந்து பக்கத்துல நில்லு. கருவியைப் புடி, விரலை ஓட்டு. ரெண்டு பேரு மூச்சையும் நான் விடறேன்"னு. முதல்ல எனக்கு ஆத்திரம். அப்புறம் யோசிச்சேன். வீட்டுக்குள்ள முடங்கிட்டா, அவன் வேற ஜோடி தேடணும். ஊரு 'பெரியவரு அவ்வளவுதான்'னு சொல்லும். சரின்னுட்டேன்.

நீங்க நினைக்கலாம், ஊதாம நிக்கிறது என்ன பெரிய காரியம்னு. சார், ஊதுறதை விட அதுக்கு சாதகம் வேணும். பீரோக் கண்ணாடி முன்னாடி மத்தியானம் பூரா நின்னு பழகினேன். கன்னத்தை உப்பணும், கழுத்து நரம்பு புடைக்கணும், சத்தம் மட்டும் வரக் கூடாது. அதுவும் ராகம் விரிக்கிறப்ப அவன் எந்த நேரம் எடுப்பான், எங்க நிறுத்துவான்னு எனக்கு எப்படித் தெரியும்? காதால கேட்டுட்டு விரலை எடுத்தா ஒரு இமைப் பொழுது பிந்திரும். வாத்தியம் தெரிஞ்சவன் கண்டுபுடிச்சிருவான்.

அதுக்குத்தான் கால்.

உங்க செருப்பைக் கழட்டுங்க சார். சும்மா கழட்டுங்க, தப்பா ஒண்ணுமில்லை. நான் எப்பவும் வலது பக்கம், அவன் இடது பக்கம். வாசிக்கிற இடத்துல வெறுங்கால்தான். வேட்டி தரை வரைக்கும் இருக்கும். அவன் கட்டைவிரல் என் சுண்டுவிரல் மேல. ஒரு அமுக்கு, இந்தா இப்படி, அப்படின்னா எடுக்கப் போறேன், விரலை ஓட்டு. ரெண்டு அமுக்கு, இப்படி, அப்படின்னா முடிச்சாச்சு, சீவாளியை வாயிலேருந்து எடு. வலிச்சிருச்சா? மன்னிச்சுக்கங்க. நகம் வளர்ந்திருக்கு.

ரெண்டரை வருஷம், ஒரு ஆளு கண்டுபுடிக்கலை. தவில்காரருக்கு நான் ஊதலைங்கறது தெரியும், பக்கத்துல நிக்கிறவரு, தெரியாம இருக்குமா. ஆனா கால் விஷயம் தெரியாது. அவரு கண்ணு எப்பவும் எங்க விரல் மேலதான். என் சம்சாரம் தையல்நாயகிக்கே தெரியாதுன்னா பாத்துக்கங்க. உலகத்துல ரெண்டே பேருக்குத்தான் தெரியும். எனக்கு, அவனுக்கு.

போன ஆனியில அந்தப் படம் வந்துச்சு. நாதஸ்வரக்காரங்க கதைன்னு ஊரெல்லாம் பேச்சு. பக்கிரி எனக்கு முன்னாடியே போய்ப் பாத்துட்டான், தனியா! எத்தனை வருஷமா ஒண்ணாவே போறவங்க நாங்க. வந்து சொல்றான், "அண்ணே, அதுக்கு நீ போகாத. நல்லா இல்லை." நல்லா இல்லைன்னாத்தானே நாங்க போறதே? அப்பவே எனக்கு உறைச்சுது. தையலைக் கூட்டிட்டுக் கும்பகோணத்துல போய்ப் பாத்தேன்.

அண்ணன் தம்பி ரெண்டு பேரு. அண்ணனுக்கு மூஞ்சி கோணுது. தம்பி ரெண்டு பேருக்கும் சேர்த்து ஊதுறான். அண்ணன் கண்ணாடி முன்னாடி நின்னு விரல் ஓட்டிப் பழகுறான். நான் பழக்க தோஷத்துல தப்பு எண்ணப் பாக்கறேன், ஒரு தப்பும் இல்லை சார். எப்படி இருக்கும்? ஊதாதவன் ஊதாதவனா நடிக்கிறான், விரல் சரியாத்தானே இருக்கும்! அப்புறம் திரை பூரா ரெண்டு கால். கட்டைவிரல் வருது, சுண்டுவிரல் மேல ஒரு அமுக்கு. ராகம் ஆரம்பிக்குது. ரெண்டு அமுக்கு. முடியுது. கொட்டகையே கை தட்டுச்சு. தையல் என் காதுகிட்ட வந்து, "என்னங்க இது, நம்ம வீட்டைப் பாத்து எடுத்த மாதிரி இருக்கு"ங்கறா. நான் அவ பக்கம் திரும்பவே இல்லை.

கடைசியில என்ன ஆகுது தெரியுமா? ஒரே பாட்டு. ஆத்தங்கரை, சூரியன், இலை, எல்லாம் உண்டு. பாட்டு முடியறப்ப அண்ணனுக்கு உதடு சரியாயிருது. திருவிழாவுல நின்னு ஊதித் தள்ளுறான். நானும்தான் இந்தப் பதினோரு மாசமா தினம் விடிஞ்சதும் உக்காந்து ஊதறேன், வைராக்கியத்துல. ஷட்ஜம் ஒண்ணு நிக்குது. அதுக்கு மேல போனா ஒழுகுது. என் பாட்டு இன்னும் முடியலை போல.

வீட்டுக்கு வந்தேன். பக்கிரியைக் கூப்பிட்டேன். "கால் சங்கதியை யாருக்குடா சொன்ன?" "நான் சொல்லலைண்ணே"ங்கறான். "அப்ப நானாடா சொன்னேன்?" என்னை ஒரு பார்வை பாத்தான். அச்சு அசல் திருட்டு முழி. நிரபராதியா இருந்தா கத்தியிருக்கணுமா இல்லையா? சத்தியம் பண்ணியிருக்கணுமா இல்லையா? தலையைக் குனிஞ்சுக்கிட்டுப் போயிட்டான். அன்னைக்கோட முடிஞ்சுது. எனக்கு எவ்வளவு வலிச்சுதுன்னு சொல்லத் தெரியலை. மூஞ்சி கோணினப்பகூட நான் அழலை, அன்னைக்கு அழுதேன்.

என்ன, பஸ்ஸு நின்னுருச்சு? ஓ, நீடாமங்கலம் ரயில் கேட்டு. போட்டுட்டானா. இனி எப்பத் திறப்பானோ. எனக்கு எப்பவும் ஒரு சந்தேகம், நம்ம பஸ்ஸு வர்ற நேரம் பாத்துத்தான் சாத்துறானுங்க.

உங்ககிட்ட மறைப்பானேன். இதே ஊர்லதான், கேட்டுக்கு அந்தப் பக்கம், இன்னைக்குப் பக்கிரி பொண்ணுக்குக் கல்யாணம். மீனலோசனி. எனக்குப் புள்ளைங்க கிடையாது சார். அவ என் மடியில படுத்துத் தூங்கின குழந்தை. மடி ஈரமானாலும் நான் அசைய மாட்டேன், எழுந்துருவாளேன்னு. எங்க வீட்டுல ஒரு வழக்கம் உண்டு. பொண்ணைப் பெத்தவன் முகூர்த்தத்துல மணையில உக்காந்துருவான், ஊத முடியாது. அதனால காலையில மாப்பிள்ளையை வாசல்லேருந்து உள்ள அழைச்சுட்டு வர்றப்ப, பொண்ணோட அப்பனும் பெரியப்பனும் சேர்ந்து நின்னு வாசிச்சுத்தான் கூட்டிட்டு வரணும். எங்க அக்கா கல்யாணத்துல எங்கப்பாவும் பெரியப்பாவும் வாசிச்சாங்க. தாலிக்கு அடுத்தபடி எங்களுக்கு அதுதான்.

பக்கிரி தாம்பாளத்தோட வந்தான், பத்திரிகை வைக்க. நான் அப்பவும் அதையேதான் கேட்டேன். "யாருக்குச் சொன்ன, அதைச் சொல்லு, வர்றேன்." தாம்பாளத்தை வச்சான். "நீ வந்து சும்மா நில்லுண்ணே, போதும்"னான். போயிட்டான். தையல் நேத்தே கிளம்பிப் போயிட்டா. நான்தான் மன்னார்குடிக்கு டிக்கெட் வாங்கிட்டு இப்படியே தாண்டிப் போயிரலாம்னு உக்காந்திருக்கேன்.

நாயனம் எதுக்கா? மன்னார்குடியில ரிப்பேர் பண்ண. எங்கன்னா... அங்க ஒருத்தர் இருக்காரு. என்ன சார் நீங்க, என்னையே சந்தேகப்படறீங்க?

என்ன கேட்டீங்க? மூணாவது சாடை எதுவும் இருந்துச்சான்னா? ஏன் கேக்கறீங்க? சும்மாவா... இருந்துச்சு சார். நான் சொல்லலை பாத்தீங்களா. சொல்லக் கூச்சமா இருந்துச்சு. கச்சேரி முடிஞ்சு மாலையெல்லாம் போட்டு, நாங்க கை கூப்பி நிப்போம். அந்த நேரம் அவன் காலை என் கால் மேல வைப்பான். அமுக்க மாட்டான். சும்மா வச்சிருப்பான், சனம் கலையற வரைக்கும். என்ன அர்த்தம்னு நான் கேட்டதில்லை, அவனும் சொன்னதில்லை. எனக்குப் புரியும். அது போதும்.

படத்துலயா? இல்லையே. படத்துல ரெண்டுதான். ஒரு அமுக்கு, ரெண்டு அமுக்கு. கடைசியில ரெண்டு பேரும் கட்டிப் புடிச்சுட்டு அழுறாங்க, கால் வரவே இல்லை.

இருங்க. இருங்க சார்.

அவன் சொல்லியிருந்தா மூணையும்ல சொல்லியிருப்பான். அது அவனோடது. அவன் கண்டுபுடிச்சது. அதை விட்டுட்டா சொல்லுவான்? ரெண்டை மட்டும் சொன்னவன் எவனோ... கூச்சப்பட்டு மூணாவதை முழுங்கினவன்...

நானா? நான் யாருகிட்ட சார் வாயைத் திறக்கறேன்? கால் விஷயத்தை என் பொண்டாட்டிகிட்டகூடச் சொல்லலை. வெளி ஆளுங்ககிட்டப் பேசற பழக்கமே எனக்கு...

அந்தக் கண்ணாடிக்காரர்.

அவரும் செருப்பைக் கழட்டினாரு சார். இதே கேட்டுல பஸ்ஸு நின்னுச்சு. அவரு கேக்கவே இல்லை, நானாத்தான் காட்டினேன். ஒரு அமுக்கு, ரெண்டு அமுக்கு. அவரு கண்ணு கலங்கிருச்சு. ஒரு சின்ன நோட்டு வச்சிருந்தாரு, அதுல ஏதோ குறிச்சாரு. கடன் கணக்கு ஏதோ போலன்னு நினைச்சேன். மெட்ராஸ்ல கதை எழுதற வேலைன்னாரு. நீங்க பத்திரிகைக்காரரான்னு கேட்டேன், இல்லைன்னாரு, நிம்மதியா விட்டுட்டேன். மூஞ்சியை நேராப் பாத்து ஒரு மனுஷன் பேசினா, அந்த நேரத்துல எதைத்தான் சொல்ல மாட்டேன்? குடல் வரைக்கும் எடுத்துக் காட்டியிருப்பேன்.

பக்கிரிக்குத் தெரிஞ்சிருக்கும் சார். என் வாயைப் பத்தி அவனுக்குத் தெரியாதா? படத்தைப் பாத்த அன்னைக்கே தெரிஞ்சிருக்கும். அதான் போகாதன்னான். அதான் நான் 'நானாடா சொன்னேன்'னு கேட்டப்ப அப்படிப் பாத்தான். ஆமாண்ணேன்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொல்லலை. பதினோரு மாசம் திருட்டுப் பட்டத்தைச் சுமந்துட்டுத் திரிஞ்சிருக்கான். பாவி, நான் மகா பாவி.

உஷ். கேளுங்க. அந்தப் பக்கம் ஸ்பீக்கர் கட்டியிருக்காங்க போல. பக்கிரிதான். கல்யாணி ராகம். மாப்பிள்ளை வந்துட்டாரு. எப்படி இழுக்கறான் பாத்தீங்களா... இந்தா நிறுத்திட்டான். கேட்டீங்களா? ஒண்ணுமே வரலை. இப்ப திரும்ப எடுக்கறான். திரும்ப நிறுத்தறான். மூச்சு வாங்கன்னு நினைக்காதீங்க, அவனுக்கா மூச்சுப் பஞ்சம்? அது என் இடம் சார். அவன் ஒரு பிடி வாசிச்சா, பதிலுக்கு நான் ஒரு பிடி. அந்த ரெண்டரை வருஷம் என் இடத்தையும் அவனே ஊதி அடைச்சான், ஊருக்குத் தெரியக் கூடாதுன்னு. இன்னைக்கு அடைக்கலை. அத்தனை பேரு முன்னாடி காலியா விடறான். வேணும்னே அண்ணனை அவமானப்படுத்தறான்னு பத்து நிமிஷம் முன்னாடி சொல்லியிருப்பேன்.

கொஞ்சம் காலை மடக்கிக்கங்க சார், நான் இறங்கணும். கண்டக்டர், கதவைத் தொறப்பா! மன்னார்குடி டிக்கெட்டா இருந்தா என்ன, நான் இங்கதான் இறங்கறேன். தண்டவாளத்தைத் தாண்டினா நாலு எட்டுதான். ரயில் வர்றதுக்கு முன்னாடி போயிருவேன். சரிப்பா, வந்தப்புறமே தாண்டறேன், ஏன் கத்தற?

ஊதினா ஒழுகும், எனக்குத் தெரியும். ஷட்ஜம் நிக்கும். அந்த இடத்துல அந்த ஒரு ஸ்வரத்தை வச்சா போதும், கேக்கறவன் கேக்கட்டும். மன்னிப்பெல்லாம் எனக்குக் கேக்கத் தெரியாது சார். அவன் வலது பக்கம் போயி நிப்பேன். முடிஞ்சதும் நான் என் காலை எடுத்து அவன் கால் மேல வைப்பேன். அமுக்க மாட்டேன். சும்மா வச்சிருப்பேன்.

வர்றேன். நல்லா இருங்க. சார், ஒண்ணே ஒண்ணு, உங்களை நம்பித்தான் சொல்லியிருக்கேன். மத்ததெல்லாம்தான் படமா வந்துருச்சே, யாருகிட்ட வேணா சொல்லிக்கங்க. அந்த மூணாவதை மட்டும் வெளியில விட்டுராதீங்க.